சல்லியன் ஓட்டும் தேர்: கணனி இயக்கிகளும் உடைமை வினாவும்

விலை கொடுத்து வாங்கியவனே பொருளுக்கு உடையவன் என்பது சந்தை நமக்குத் தந்துள்ள வாக்குறுதிகளுள் முதன்மையானது. நிலத்துக்கும் மாட்டுக்கும் மண்வெட்டிக்கும் பொருந்திவந்த இவ்வாக்குறுதி கணனிக்கும் பொருந்தும் என்றே நாம் நம்பிவருகின்றோம். இந்நம்பிக்கை ஆதாரமற்றது என்பதை, மாணவர் மேசைகளிற் கிடக்கும் உள்ளங்கையளவான ஒரு சிறு கருவியை முன்வைத்து நிறுவுவதே இக்கட்டுரையின் நோக்கமாகும். மடிக்கணனியுடன் மேலதிகத் திரையொன்றை இணைப்பதற்குப் பயன்படும் யூ.எஸ்.பி. காட்சி அடப்டரே அக்கருவி. அதன் உள்ளே இருப்பது ஒரு சில்லு. வெளியே இருப்பன இரு செருகிகள். ஆனால் இவை மட்டும் இருந்தால் அது இயங்காது. ‘இயக்கி’ எனப்படும் மென்பொருள் ஒன்று கணனியிற் குடியேறிய பின்னரே திரையில் ஒளி தோன்றும். அம்மென்பொருள் வாங்கியவனுக்கு உரியதன்று. விற்ற கடைக்காரனுக்கும் உரியதன்று. கடல்கடந்த ஒரு நிறுவனத்தின் விருப்பிலேயே அது தங்கியுள்ளது.

இது பொறியியற் பீடத்தார் பேசவேண்டிய விடயமன்றோ, கலைப்பீட மாணவனுக்கு இதில் என்ன வேலை என்று சிலர் வினவக்கூடும். நிலவுடைமை பற்றி ஆராய்வதற்கு ஏர் பிடிக்கத் தெரிந்திருக்க வேண்டுமென்று எவரும் வரலாற்று மாணவனிடம் கேட்பதில்லை. அச்சியந்திரத்தின் வருகை பற்றி எழுதும் இலக்கிய மாணவன் அச்சுக்கோத்துக் காட்டவேண்டியதில்லை. கருவி யாருடையது, அக்கருவி பற்றிய அறிவு யாரிடம் உள்ளது, அவ்வறிவு எம்மொழியில் உள்ளது என்னும் மூன்றும் சமூகவியல் வினாக்களே. அவற்றைத் தொழில்நுட்பவியலாளரிடம் ஒப்படைத்துவிட்டு நாம் ஒதுங்கிக்கொண்டமையாலேயே இன்றைய அவலம் கேள்விமுறையின்றித் தொடர்கின்றது.

1. மொழிபெயர்ப்பு முதலியார்

முதற்கண் இயக்கி என்பது யாதென நோக்குவோம். கணனியின் பணிசெயல் முறைமைக்கு உலகிலுள்ள எல்லாக் கருவிகளின் மொழியும் தெரியாது. ஒவ்வொரு சில்லும் தனக்கெனச் சில கட்டளைகளையும் அவற்றுக்கென ஓர் ஒழுங்கையும் கொண்டுள்ளது. பணிசெயல் முறைமை பொதுமொழியில் இடும் ஆணையைச் சில்லின் மொழிக்கும், சில்லு கூறும் மறுமொழியைப் பொதுமொழிக்கும் மாற்றித் தருவதே இயக்கியின் பணியாகும். குடியேற்ற காலக் கச்சேரிகளில் அரசாங்க அதிபருக்கும் குடியானவனுக்கும் இடையே நின்ற மொழிபெயர்ப்பு முதலியாரை இதற்கு ஒப்பிடலாம். அதிபருக்கும் குடியானவனுக்கும் ஒருவர் மொழி மற்றவருக்குத் தெரியாது. இருவருக்கும் இடையே நின்றவருக்கோ இரண்டும் தெரியும். ஆகவே அதிகாரம் அவரிடம் வந்து சேர்ந்தது. மொழிபெயர்ப்பவன் என்ன கூறினான் என்பதைச் சரிபார்க்க முடியாத இடத்தில், மொழிபெயர்ப்பு அதிகாரமாக மாறிவிடுகின்றது.

யூ.எஸ்.பி. வழியாகப் படம் அனுப்புவது எளிதான காரியமன்று என்பதையும் இவ்விடத்திற் கூறுதல் நேர்மையாகும். கிடையாக 1920 புள்ளிகளும் நிலைக்குத்தாக 1080 புள்ளிகளும் கொண்ட சாதாரண திரையொன்றில் ஏறத்தாழ 21 இலட்சம் புள்ளிகள் உள்ளன. ஒவ்வொரு புள்ளியின் நிறத்துக்கும் 24 பிட்டுகள் வேண்டும். செக்கனுக்கு 60 முறை திரை புதுப்பிக்கப்படுகின்றது. இவற்றைப் பெருக்கினால் செக்கனுக்கு ஏறத்தாழ 299 கோடி பிட்டுகள் என்னும் தொகை வரும். யூ.எஸ்.பி. 2.0 முறையின் உச்ச வேகமோ செக்கனுக்கு 48 கோடி பிட்டுகள் மட்டுமே. எனவே படத்தை அப்படியே அனுப்ப இயலாது. மாறிய பகுதிகளை மட்டும் தெரிந்து, அவற்றையும் சுருக்கியே அனுப்பவேண்டும். சுருக்கும் வேலையைக் கணனியின் மையச் செயலியைக் கொண்டு இயக்கி செய்கின்றது. விரிக்கும் வேலையை அடப்டரின் சில்லு செய்கின்றது. சுருக்கும் முறை எதுவென அறிந்தவனே இயக்கியை எழுதவல்லவன். அம்முறையை மறைத்துவைப்பவனே கருவியின் மெய்யான உடைமையாளன். பெட்டியை வாங்கியவன் வெறும் பாரம் சுமப்பவன்.

2. ஒரே வாய், இரு வழிகள்

குழப்பம் கடையிலேயே தொடங்கிவிடுகின்றது. 2014 ஆம் ஆண்டில் யூ.எஸ்.பி. டைப்-சி என்னும் 24 முனைகள் கொண்ட செருகி வகுக்கப்பட்டது. அதே ஆண்டில், டிஸ்பிளேபோர்ட் எனும் காட்சிச் சமிக்ஞையை அச்செருகியின் வழியே நேரடியாக அனுப்பும் மாற்றுமுறையும் அறிவிக்கப்பட்டது. இம்மாற்றுமுறையில் இயங்கும் அடப்டருக்குத் தனியாக இயக்கி எதுவும் வேண்டியதில்லை. கணனியினுள் ஏற்கெனவே இருக்கும் வரைவியற் சில்லே படத்தை அனுப்பிவிடும். ஆனால் அதே செருகியுடன், அதே வடிவில், அதே கறுப்பு நிறத்தில் விற்கப்படும் மற்றோர் அடப்டர் முற்றிலும் வேறு வழியில் இயங்குகின்றது. அதனுள் டிஸ்பிளேலிங்க், சிலிக்கன் மோஷன், பிரெஸ்கோ லொஜிக் போன்ற நிறுவனங்களுள் ஒன்றின் சில்லு இருக்கும். அச்சில்லுக்குரிய இயக்கி இன்றேல் அது வெறும் பிளாஸ்திக்குத் துண்டே.

இவ்விரண்டையும் கண்ணாற் பார்த்து வேறுபடுத்த இயலாது. பெட்டியின் மீதும் பெரும்பாலும் சில்லின் பெயர் இராது. ‘செருகினால் இயங்கும்’ என்ற வாசகம் மட்டும் பெரிய எழுத்தில் இருக்கும். எமது விடுதி மாணவரொருவர், பெயர் கூற விரும்பாத ஒரு கடையில் வாங்கிவந்த அடப்டரின் பெட்டியினுள், இவ்வாசகத்துக்குச் சாட்சியாக ஒரு சிறு இறுவட்டு இருந்தது. அம்மாணவரின் மடிக்கணனியிலோ இறுவட்டை இடுவதற்கு இடமே இல்லை. செருகினால் இயங்கும் கருவிக்கு இறுவட்டு எதற்கு என்று கடைக்காரரிடம் கேட்டபோது, அது எல்லாவற்றுடனும் வருவதுதான் என்பதே மறுமொழியாயிற்று. கடைக்காரரைக் குறைகூறிப் பயனில்லை. அவருக்கும் தெரியாது. அறியாமை இங்கு தனிமனிதக் குறைபாடன்று. சில்லின் பெயரை மறைத்து விற்கும் வணிகமுறை திட்டமிட்டு விளைவிக்கும் பயிர் அது.

3. பழுதறிதல் என்னும் கூலியில்லா உழைப்பு

திரை கறுப்பாகவே நிற்கும்போது பயன்படுத்துவோன் செய்யவேண்டியவை யாவை? முதலில், தன் கணனியின் துறை மாற்றுமுறைக் காட்சியை ஆதரிக்கின்றதா எனவும், அடப்டர் எவ்வகையைச் சேர்ந்தது எனவும் அறியவேண்டும். பின்னர், யூ.எஸ்.பி. கருவிகள் ஒவ்வொன்றும் தாங்கியுள்ள உற்பத்தியாளர் எண்ணைப் பார்க்கவேண்டும். அவ்வெண் 17ஈ9 ஆயின் சில்லு டிஸ்பிளேலிங்குடையது. அதன்பின், பழைய இயக்கியின் எச்சங்களை நீக்கி, கணனியை மீளத் தொடக்கி, சில்லை ஆக்கியோரின் தளத்திலிருந்தே புதிய இயக்கியைப் பெற்று நிறுவி, இறுதியிலேயே அடப்டரைச் செருகவேண்டும். இடையில் ஒரு பொதுப்பிரிப்பான் இருந்தால் அதனை நீக்கிப் பார்க்கவேண்டும். மின் போதாமையும் தரங்குறைந்த வடமும் இயக்கியின் பழுதைப்போலவே தோற்றமளிப்பன.

விண்டோஸ் முறைமை இவ்வேளையில் எண்களாற் பேசுகின்றது. கருவி முகாமையகத்தில் 28 என்ற எண் தோன்றினால் இயக்கி நிறுவப்படவில்லை. 43 தோன்றினால் கருவி தானே பழுதென்று அறிவித்துள்ளது. 52 தோன்றினால் இயக்கியின் இலக்கக் கையொப்பத்தைச் சரிபார்க்க முடியவில்லை. லினக்ஸ் முறைமையிலோ வேறு சிக்கல். பணிசெயல் முறைமையின் உட்கரு புதுப்பிக்கப்படுந்தோறும், அதற்கு வெளியே வாழும் இயக்கி மீளவும் தொகுக்கப்படவேண்டும். தொகுப்பதற்கு அவ்வுட்கருவின் தலைப்புக் கோப்புகள் வேண்டும். அவை இல்லையேல், நேற்று இயங்கிய திரை இன்று காலை இருண்டு கிடக்கும். காப்புடைத் தொடக்கமுறை செயற்படும் கணனியாயின், தொகுத்த இயக்கிக்குப் பயனர் தாமே ஒரு திறவுகோலை உருவாக்கிக் கையொப்பமிட்டு, அதனைக் கணனியின் அடித்தள மென்பொருளிற் பதிவுசெய்யவும் வேண்டும். பதிவுசெய்யாவிடின் இயக்கி ஓசையின்றி மறுக்கப்படும். திரையில் ஒரு சொல்லும் தோன்றாது.

இவை அனைத்தும் அறிவுள்ள மனிதர் எவரும் கற்றுக்கொள்ளக்கூடியவை என்பதை மறுப்பதற்கில்லை. நம் வினா வேறு. இவ்வுழைப்பு யாருடையது? ஒரு பண்டம் இயங்குவதற்கு வேண்டிய இறுதிக்கட்ட உழைப்பை நுகர்வோன் தலையிற் சுமத்திவிட்டு, அவ்வுழைப்புக்கு வேண்டிய அறிவையும் அவனிடமிருந்து மறைக்கும் உற்பத்திமுறைக்கு வேறெந்தத் தொழிலில் உதாரணம் காட்டவியலும்? தையற்காரர் சட்டையைத் தைத்துத் தந்து, பொத்தான் துளைகளை நீரே வெட்டிக்கொள்ளும், ஆனால் கத்தரிக்கோலின் வகையைச் சொல்லமாட்டேன் என்றால் நாம் பொறுப்போமா? கணனித் துறையில் மட்டும் பொறுக்கின்றோம். பொறுப்பது மட்டுமன்று, பழுதைத் தம் அறியாமையின் விளைவெனக் கருதி வெட்கமும் படுகின்றோம்.

4. வரலாறு கூறுவது

இக்கூற்றுகள் வெறும் மனக்குறை அல்ல என்பதற்கு அண்மை வரலாறே சான்றாகும். 2018 ஆம் ஆண்டு மார்ச் மாத இறுதியில் அப்பிள் நிறுவனம் தனது மக் கணனிகளுக்கு 10.13.4 என்னும் புதுப்பித்தலை வெளியிட்டது. அதனை நிறுவிய மறுகணமே டிஸ்பிளேலிங்க் சில்லை நம்பியிருந்த மேலதிகத் திரைகள் இருண்டன. அடப்டரில் எவ்விதப் பழுதும் இல்லை. திரையிலும் வடத்திலும் பழுதில்லை. பயன்படுத்துவோர் செய்த குற்றமும் யாதொன்றுமில்லை. முறைமையினுள் செய்யப்பட்ட ஒரு மாற்றம், அவ்வளவே. டிஸ்பிளேலிங்க் நிறுவனம், 10.13.3 ஐ விட்டு நகராதிருங்கள் என்று தன் வாடிக்கையாளருக்கு அறிவுரை கூறுவதைத் தவிர அந்நேரத்தில் வேறு வழி காணவில்லை. பாதுகாப்புத் திருத்தங்களை ஏற்றால் திரை போகும். திரையைக் காத்தால் பாதுகாப்புத் திருத்தங்கள் போகும். இரு நிறுவனங்களுக்கு இடையே அகப்பட்ட நுகர்வோன் இவ்விரண்டில் ஒன்றைத் தெரியும் உரிமையை மட்டுமே பெற்றான்.

பின்னர் வந்த மக் முறைமைகளுக்கான டிஸ்பிளேலிங்க் மென்பொருள் வேறொரு வழியைக் கையாண்டது. கணனியின் திரையைப் பதிவுசெய்யும் அனுமதியைப் பயனரிடம் கேட்டுப்பெற்று, அவ்வாறு பெற்ற படத்தையே வெளித்திரைக்கு அது அனுப்புகின்றது. இதில் வஞ்சகம் எதுவும் இருப்பதாக நாம் கூறவில்லை. ஆனால் இதன் பொருளை ஊன்றி நோக்குதல் வேண்டும். தன் மேசையில் இருக்கும் தன் திரையில் தன் கட்டுரையைப் பார்ப்பதற்கு ஒருவர், உள்ளே நடப்பதைத் தாம் பார்வையிட முடியாத ஒரு மென்பொருளுக்குத் தமது திரை முழுவதையும் காணும் உரிமையை வழங்கவேண்டும். வழங்காவிடின் திரையில்லை. அதேவேளை பதிப்புரிமைக் காப்புள்ள திரைப்படம் அவ்வழியே ஓடாது. பயனரின் அந்தரங்கம் ஒரு பொத்தானை அழுத்தியவுடன் திறந்துவிடுகின்றது. திரைப்பட முதலாளியின் உடைமையோ திறப்பதில்லை. காவலாளி யாருக்குக் காவல் நிற்கின்றான் என்பதை இதனினும் தெளிவாகக் காட்டவியலாது.

லினக்ஸ் முறைமையின் கதை ஓரளவு நம்பிக்கை தருவது. டிஸ்பிளேலிங்க் நிறுவனம் தனது தொடக்ககாலச் சில்லுகளுக்கான மென்பொருள் நூலகம் ஒன்றை 2009 ஆம் ஆண்டில் திறந்த உரிமத்துடன் வெளியிட்டது. அதிற் சுருக்கும் முறை இடம்பெறவில்லை. அதே ஆண்டின் இறுதியிற் பேர்லினில் நடைபெற்ற கணனி ஆர்வலர் மாநாடொன்றில், வெளியிலிருந்த ஆய்வாளர் இருவர் அச்சில்லுகளின் செயன்முறையைத் தாமே ஆராய்ந்து கண்டவற்றை எடுத்துரைத்தனர். 2012 இல் வெளிவந்த லினக்ஸ் உட்கருவின் 3.4 ஆம் பதிப்பில் அப்பழைய சில்லுகளுக்கான இயக்கி ஒன்று உள்ளடங்கியது. விளைவு யாது? அவ்வகை அடப்டரை லினக்ஸ் கணனியிற் செருகுபவருக்கு இறுவட்டும் வேண்டாம், தரவிறக்கமும் வேண்டாம். ஆனால் யூ.எஸ்.பி. 3.0 ஐச் சார்ந்த பிந்திய சில்லுகளுக்கு 2015 இல் அந்நிறுவனம் தந்தது பாதித் திறப்பே. உட்கருவுடன் உறவாடும் பகுதி திறந்தது. சில்லுடன் பேசும் பகுதி மூடியது. 2020 இல் சினாப்டிக்ஸ் நிறுவனம் டிஸ்பிளேலிங்கை 30 கோடியே 50 இலட்சம் டொலருக்கு வாங்கியது. அடப்டர்களை ஏற்கெனவே வாங்கியிருந்தோரின் மேசைகளில் இருந்த சாரதியும் அன்றே கைமாறினான். தேரின் உடைமையாளரை எவரும் கேட்கவில்லை.

சாரதி என்ற சொல்லை இங்கு வேண்டுமென்றே கையாள்கின்றோம். நம் நாட்டிற் பேருந்தை ஓட்டுபவரை நாம் சாரதி என்கின்றோம். ஆங்கிலேயர் அவருக்கு வழங்கும் பெயரையே இம்மென்பொருளுக்கும் வழங்கியுள்ளனர். பாரதக் கதையில் இரு சாரதிகள் உளர். கண்ணன் ஓட்டிய தேரில் சாரதியின் மனமும் தேராளியின் மனமும் ஒன்றாயின. கன்னனின் தேரை ஓட்டிய சல்லியனோ, எதிரணியிலிருந்த தருமனுக்கு முன்னரே வாக்களித்தவன். அவன் கடிவாளத்தைப் பிடித்தபடியே கன்னனை இகழ்ந்தான். சில்லு மண்ணிற் புதைந்தபோது அதனைத் தூக்கத் தேராளியே இறங்கவேண்டியதாயிற்று. மூடிய இயக்கி நம் தேரில் அமர்ந்த சல்லியன். ஓட்டும் திறன் அவனிடம் உண்டு. அவனது வாக்குறுதி மட்டும் வேறிடத்தில் உள்ளது.

5. எதிர்வாதங்கள்

இந்நிலைப்பாட்டுக்கு எதிராக மூன்று வாதங்கள் முன்வைக்கப்படுவதுண்டு.

முதலாவது, சுருக்கும் முறையைக் கண்டறிய நிறுவனம் பணமும் உழைப்பும் செலவிட்டுள்ளது, அதனை ஏன் வெளியிடவேண்டும் என்பது. உழைப்புக்கு ஊதியம் வேண்டும் என்பதில் நமக்குக் கருத்து வேறுபாடில்லை. அவ்வூதியம் அடப்டரின் விலையிற் சேர்ந்தே நம்மிடம் அறவிடப்பட்டுவிட்டது. சில்லை எவ்வாறு செய்வது என்பதை வெளியிடும்படி நாம் கோரவில்லை. சில்லுடன் எவ்வாறு பேசுவது என்பதை வெளியிடும்படியே கோருகின்றோம். கதவை எவ்வாறு செய்வது என்பது தச்சனின் இரகசியமாக இருக்கலாம். திறப்பை எந்தப் பக்கம் திருப்புவது என்பது வீட்டுக்காரனிடமிருந்து மறைக்கத்தக்க இரகசியமன்று. என்விடியா நிறுவனம் நெடுங்காலம் இதே வாதத்தைக் கூறிவந்தது. 2012 இல் பின்லாந்தின் ஆல்டோ பல்கலைக்கழக மேடையில் லினஸ் டோர்வால்ட்ஸ் அந்நிறுவனத்தை வெளிப்படையாகவே கடிந்தார். 2022 மே மாதத்தில் அந்நிறுவனமே லினக்ஸ் உட்கருவுக்கான தனது இயக்கிக் கூறுகளைத் திறந்த உரிமத்தின்கீழ் வெளியிட்டது. நிறுவனம் அதனால் அழிந்துபோகவில்லை.

இரண்டாவது வாதம் பாதுகாப்புப் பற்றியது. விண்டோஸ் விஸ்ராவின் 64 பிட் பதிப்புத் தொடக்கம் உட்கருவில் இயங்கும் இயக்கிகளுக்கு இலக்கக் கையொப்பம் கட்டாயமாக்கப்பட்டது. தீய நோக்குடைய நிரல்கள் உட்கருவினுள் நுழைவதைத் தடுப்பதே இதன் காரணம் எனப்படுகின்றது. இவ்வாதத்தில் உண்மையுண்டு. உட்கருவில் இயங்கும் நிரல் கணனி முழுவதையும் ஆளவல்லது. ஆகவே காவல் வேண்டும். ஆனால் கையொப்பம் உறுதிப்படுத்துவது யாரெழுதினார் என்பதையே; என்ன எழுதினார் என்பதையன்று. எழுதப்பட்டதைப் பலர் வாசித்து ஆராய வழிசெய்வதும் காவலே. லினக்ஸ் முறைமையில் திறவுகோலைப் பயனரே பதிவுசெய்துகொள்ளும் வழி சிக்கலானதாயினும், காவலும் உரிமையும் ஒருங்கிருக்கலாம் என்பதை அது நிறுவுகின்றது. பாதுகாப்பு என்னும் பெயரால் அறியாமையை விற்பதே நாம் எதிர்ப்பது.

மூன்றாவது வாதமே மிகவும் பரவலானதும் மிகவும் கேடுடையதும் ஆகும். பழையது இயங்காவிட்டால் புதியதை வாங்கலாமே என்பது அது. வாங்கும் வல்லமையுள்ளோர் கூறும் வாதமிது. 2022 மார்ச் தொடக்கத்தில் ஏறத்தாழ 200 ரூபாவாக இருந்த அமெரிக்க டொலர், அவ்வாண்டு மே மாதமளவில் 360 ரூபாவை எட்டியதை நாம் வாழ்ந்து பார்த்தவர்கள். அந்நாட்களில் மாணவன் கையிலிருந்த பழைய கணனியும் பழைய அடப்டருமே அவனது பல்கலைக்கழகம். இணையவழி விரிவுரையை ஒரு திரையிலும் தன் குறிப்பை மற்றொரு திரையிலும் வைத்துக் கற்றவர்களுக்கு, இயக்கி ஒன்று கைவிடப்படுதல் ஒரு பருவத்தின் படிப்பே கைவிடப்படுதலுக்குச் சமமாகும். 2025 ஒக்டோபர் 14 ஆம் திகதியுடன் விண்டோஸ் 10 க்கான பொது ஆதரவும் முடிவுற்றது. பழுதற்ற எத்தனையோ கணனிகள் இதனாற் பழையனவாயின. இரும்பும் செம்பும் தேய்வதற்கு முன்னரே கையொப்பம் தேய்ந்துவிடுகின்றது. இலவசக் கல்வியை 1945 இல் நிலைநாட்டிய நாட்டிலே, கற்கும் கருவியின் ஆயுளை வேறெங்கோ இருப்பவர்கள் தீர்மானிக்கின்றார்கள் என்பது சிந்திக்கத்தக்கது.

6. மாற்று உண்டு

மாற்று இல்லை என்று கூறுவதே எல்லா ஏகபோகங்களினதும் இறுதி அரண். ஆனால் மாற்று நம் கைகளிலேயே உள்ளது. விரலளவான நினைவுக்கோல் ஒன்றை எந்தக் கணனியிற் செருகினாலும் இயங்குகின்றது. விசைப்பலகையும் சுட்டியும் அவ்வாறே. இவற்றை ஆக்கிய நிறுவனங்கள் நூற்றுக்கணக்கானவை. ஆனால் எல்லாம் ஒரே பொது மொழியைப் பேசுகின்றன. கருவிகளை வகுப்புகளாகப் பிரித்து ஒவ்வொரு வகுப்புக்கும் ஒரு பொது மொழியை யூ.எஸ்.பி. நியமம் வகுத்தமையே காரணம். திரையைப் பொறுத்தும் இது இயலும் என்பதற்கு, 2021 இல் லினக்ஸ் உட்கருவின் 5.13 ஆம் பதிப்பிற் சேர்ந்த பொது யூ.எஸ்.பி. காட்சி இயக்கி சான்றாகும். அதன் மொழி எல்லோரும் வாசிக்கக் கிடைக்கின்றது. விரும்பிய எவரும் அம்மொழி பேசும் காட்சிக் கருவியை ஆக்கலாம். தொழில்நுட்பத் தடை இல்லை என்பது இதனாற் பெறப்படும். தடையாக நிற்பது வணிக நலனே.

கருவியின் செயன்முறை வெளிப்படும்போது மக்களின் ஆக்கத்திறன் எங்கெல்லாம் செல்லும் என்பதற்கு இன்னோர் உதாரணம். பிரெஸ்கோ லொஜிக் நிறுவனத்தின் எப்.எல்.2000 என்னும் சில்லைக் கொண்ட மலிவான அடப்டர்கள் படத்தைச் சுருக்காமலே யூ.எஸ்.பி. 3.0 வழியாக அனுப்புவன. இதனை அறிந்த ஒஸ்மோகொம் கூட்டுமுயற்சியினர், 2018 இல், அதே அடப்டரை வானொலிச் சமிக்ஞை பிறப்பிக்கும் ஆய்வுக் கருவியாக மாற்றிக் காட்டினர். திரைக்கென வாங்கிய பொருள் ஆய்வுகூடச் சாதனமாயிற்று. இது எந்த நிறுவனத்தின் விளம்பரத்திலும் இல்லாத பயன். மக்களிடம் அறிவு சென்றடைந்தபோது பிறந்த பயன்.

திறந்த மென்பொருள் இயக்கத்தின் வரலாறே ஓர் இயக்கியின் கதையுடன் தொடர்புடையது என்பதும் மனங்கொள்ளத்தக்கது. 1980 அளவில் மசாசூசெற்ஸ் தொழில்நுட்ப நிறுவகத்தின் ஆய்வுகூடத்துக்கு செரொக்ஸ் நிறுவனத்தின் லேசர் அச்சுப்பொறி ஒன்று வழங்கப்பட்டது. தாள் சிக்கிக்கொண்டால் பயனருக்கு அறிவிக்கும் வகையில், பழைய அச்சுப்பொறியின் மென்பொருளைத் திருத்தியிருந்தார் ரிச்சர்ட் ஸ்டோல்மன். புதிய பொறியிலும் அதனையே செய்ய விழைந்தபோது அதன் மூலநிரல் அவருக்கு மறுக்கப்பட்டது. தாள் சிக்கும் ஓர் அற்ப விடயம்தான். ஆயினும் அம்மறுப்பில் ஓர் அநீதியைக் கண்ட அவர் 1983 இல் குனூ செயற்றிட்டத்தை அறிவித்தார். அற்ப விடயமென்று அன்று அவர் ஒதுக்கியிருந்தால் இன்றைய உலகம் வேறாக இருந்திருக்கும். நம் மேசையிலுள்ள இருண்ட திரையையும் அற்ப விடயமென்று ஒதுக்குதல் தகாது.

7. நாம் செய்யவேண்டியவை

இனி நம் பக்கம் திரும்புவோம். நிறுவனங்களை மட்டும் சாடிவிட்டுத் தமிழ்ச்சங்கத்து மேடையில் நாம் இளைப்பாற முடியாது. தமிழ் கணனிக்கு ஏற்ற மொழி என்று ஆண்டுதோறும் விழாக்களிற் பேசுகின்றோம். ஆனால் இருண்ட திரையின்முன் அமர்ந்திருக்கும் ஒரு மாணவிக்கு, 43 என்ற எண்ணின் பொருளைத் தமிழில் விளக்கும் இரு பக்கக் கைந்நூலையேனும் நாம் ஆக்கித் தந்ததுண்டா? 1847 இல் யாழ்ப்பாணம் வந்த மருத்துவர் சாமுவேல் கிறீன், மானிப்பாயில் மேலை மருத்துவத்தைத் தமிழிற் கற்பித்தார். மருத்துவ நூல்களைத் தமிழாக்கினார். உடலின் உள்ளுறுப்புகளைத் தமிழில் விளக்க அந்நியரொருவரால் அன்று முடிந்தது. கணனியின் உள்ளுறுப்புகளைத் தமிழில் விளக்க நம்மால் இன்று முடியாதெனின் குறை மொழியினதன்று. மொழியைப் புகழ்வதோடு அமைந்துவிட்ட நம்முடையது.

ஆகவே நான்கு கோரிக்கைகளை முன்வைக்கின்றோம். முதலாவது, காட்சி அடப்டர்களை இறக்குமதி செய்வோரும் விற்போரும் உள்ளிருக்கும் சில்லின் பெயரையும், தனி இயக்கி வேண்டுமா இல்லையா என்பதையும், எம்முறைமைகளில் இயங்கும் என்பதையும் பெட்டியின் மீது மும்மொழியிலும் எழுதவேண்டும். இரண்டாவது, பல்கலைக்கழகங்கள் தம் கொள்வனவு நிபந்தனைகளில், திறந்த இயக்கி உள்ள கருவிகளுக்கும் இயக்கி வேண்டாத பொது நியமக் கருவிகளுக்கும் முன்னுரிமை வழங்கவேண்டும். பொதுப்பணத்தில் வாங்கும் பொருள் பொது அறிவுக்கு உட்பட்டிருத்தல் நியாயமே. மூன்றாவது, கருவியொன்றுக்கான ஆதரவை நிறுவனம் எப்போது கைவிடுகின்றதோ, அப்போதே அதனுடன் பேசும் முறையையும் அது வெளியிடவேண்டும். தான் காக்க விரும்பாததைப் பிறர் காப்பதைத் தடுக்க அதற்கு உரிமையில்லை. இதனைச் சட்டமாக்கும்படி கோருவது நுகர்வோர் இயக்கங்களின் கடமையாகும்.

நான்காவது கோரிக்கை நமக்கே உரியது. இச்சங்கம் தமிழிற் கணனிப் பழுதறி கையேடு ஒன்றைத் தொகுத்தல் வேண்டும். கலைப்பீடத்தார் மொழியைச் செம்மைசெய்ய, விஞ்ஞான, பொறியியற் பீடத்தார் பொருளைச் சரிபார்க்க, அது கூட்டு முயற்சியாக அமையவேண்டும். பழைய அடப்டர்களுக்கு இன்னும் கிடைக்கும் இயக்கிகளைப் பற்றிய விபரங்களும் அதில் இடம்பெறவேண்டும். ‘பிழைச் செய்தி’ என்று அகராதியில் ஒரு சொல்லை ஆக்கிவைப்பதுடன் கலைச்சொல்லாக்கம் முடிவதில்லை. அச்செய்தியைக் கண்டு அஞ்சாத ஒரு தலைமுறையை ஆக்குவதிலேயே அது நிறைவுறுகின்றது.

தேர் நம்முடையது என்றால் கடிவாளம் எவ்வாறு இயங்குகின்றது என்பதை அறியும் உரிமையும் நம்முடையதே. அவ்வுரிமையை எவரும் பரிசாகத் தந்ததாக வரலாறு இல்லை. கேட்டவர்களே பெற்றனர், கற்றவர்களே கேட்டனர்.